நிவாரணம் கொண்டுபோகிறவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையில் கரையைக் கடந்தது. திருத்துறைப்பூண்டிக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊரில் நின்ற தென்னைகளைவிட விழுந்தவை அதிகம். அந்தப் புயலில் நான் வாங்குகிற பக்கம் நின்றேன். அதற்குப் பிறகு ஒவ்வொரு வடகிழக்குப் பருவமழைக்கும் கொடுக்கிறவர்களுக்கு வழிகாட்டும் வேலை எப்படியோ என்னிடம் வந்து சேர்ந்துவிட்டது. சென்னையிலிருந்தும் கோவையிலிருந்தும் தொலைபேசியில் அழைக்கும் நல்ல உள்ளங்கள் கேட்கும் சந்தேகங்கள் பெரும்பாலும் ஒன்றே. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிக்கொண்டிருந்ததை இங்கே எழுதி வைக்கிறேன்.

பசித்தவனுக்கு முதலில் சோறு. மரியாதை எல்லாம் பிறகு பார்த்துக்கொள்ளலாம் இல்லையா?

கஜா அடித்த மூன்றாம் நாள் எங்கள் ஊர்ச் சாலை முனைக்கு ஒரு வேன் வந்தது. நிறுத்தினால் கூட்டம் மொய்த்துவிடும் என்ற பயத்தில், மெதுவாக ஓட்டிக்கொண்டே பின்கதவு வழியாக ரொட்டிப் பாக்கெட்டுகளை வீசினார்கள். ஒன்று என் பக்கத்தில் நின்ற பெரியவரின் காலடியில் சேற்றில் விழுந்தது. ஆறு மா நிலமும் நாற்பது தென்னையும் வைத்திருந்தவர். சுனாமி நேரத்தில் கடற்கரையிலிருந்து ஓடிவந்தவர்களுக்காக அவர் வீட்டுக் கொல்லையில் நாள்கணக்கில் அடுப்பு எரிந்தது. அவர் குனியவில்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வீட்டுக்குத் திரும்பிவிட்டார். அன்று அவர் வீட்டில் மருமகளும் இரண்டு பிள்ளைகளும் கஞ்சிக்கு அரிசி இல்லாமல் இருந்தது எனக்குத் தெரியும்.

அந்த ரொட்டி போய்ச் சேரவேண்டிய வீட்டுக்குப் போகவே இல்லை. வீசினால் முண்டியடிப்பவருக்குக் கிடைக்கும். கூச்சப்படுபவரும், வயதானவரும், கைக்குழந்தைக்காரியும், கால் இயலாதவரும் வெறுங்கையோடு திரும்புவார்கள். அவர்கள்தான் அதிகம் தேவைப்பட்டவர்கள். ஆகவே மரியாதையைச் சோற்றுக்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள். மரியாதை இல்லாத இடத்தில் சோறும் பாதிப் பேருக்குக் கிடைப்பதில்லை.

அவர்களை எப்படிக் கூப்பிடுவது? "பயனாளி" என்று சொல்லலாமா?

பதிவேட்டில் அந்தச் சொல் இருந்துவிட்டுப் போகட்டும். ஆளைப் பார்த்து "அந்தப் பயனாளியை வரச் சொல்லுங்கள்" என்று சொல்லாதீர்கள். பெயர் கேளுங்கள். பெயர் தெரியும்வரை அய்யா, அம்மா, அக்கா, அண்ணன் போதும். ஐம்பது வயதுப் பெண்ணைப் "பாட்டி" என்று கூப்பிட்டு முகம் சுருங்க வைத்த கல்லூரி மாணவர்களைப் பார்த்திருக்கிறேன்.

எனக்குக் கோபம் வருவது வேறோர் இடத்தில். மேலத்தெருவில் "வாங்க, நீங்க" என்று பேசிய அதே வாய், காலனிக்குள் போனதும் தன் தகப்பன் வயதுக்காரரை "நீ வா, நீ போ" என்கிறது. பல பேர் இதைத் தெரிந்து செய்வதில்லை. வழிகாட்ட வந்த ஊர்க்காரர் அப்படிப் பேசுவதைக் கேட்டு இவர்களுக்கும் தொற்றிக்கொள்கிறது. வண்டியிலிருந்து இறங்கும் முன்பே உங்கள் குழுவில் பேசி வைத்துக்கொள்ளுங்கள்: பிள்ளைகளைத் தவிர எல்லோரும் "நீங்கள்"தான்.

வீட்டில் நிறையப் பழைய துணி இருக்கிறது. கொண்டுவரலாமா?

2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு நாகப்பட்டினம் பக்கம் வந்தவர்களுக்கு அந்தக் காட்சி மறந்திருக்காது. சாலையோரமெல்லாம் துணிக் குவியல்கள். மழையில் நனைந்து, மாடு மிதித்து, யாரும் தொடாமல் கிடந்தன. கிழிந்த சட்டை, ஜிப் போன கால்சட்டை, ஜோடி இல்லாத காலுறை. வீட்டையும் பிள்ளையையும் இழந்த மீனவப் பெண் அந்தக் குவியலைக் கிளறித் தனக்கொரு புடவை எடுப்பாள் என்று அனுப்பியவர்கள் நினைத்திருந்தார்கள்.

முடிந்தால் புதிதாக வாங்கவேண்டியவை இவை: துண்டு, கைலி, நைட்டி, பாவாடை, உள்ளாடைகள், பிள்ளைகளுக்குச் சட்டை. பழையதுதான் இருக்கிறது என்றால் துவைத்து, பொத்தான் தைத்து, மடித்து, அளவு வாரியாகக் கட்டிக் கொண்டுவாருங்கள். உங்கள் ரவிக்கை இன்னொருவருக்குப் பொருந்தாது என்பதால் புடவை மட்டும் வருவதில் அர்த்தமில்லை. ரவிக்கைத் துணியும் வேண்டும். இங்கே வந்த பிறகு மூட்டையாகக் கையில் திணிக்காமல், பள்ளிக்கூட மேசைகளின்மேல் பரப்பி வையுங்கள். துணிக்கடையில் பார்ப்பதுபோல எடுத்துப் பார்த்து, விரித்துப் பார்த்து, "இந்த நிறம் வேண்டாம்" என்று வைத்துவிட்டு வேறொன்றை எடுக்கட்டும். ஒரு முறை அப்படிச் செய்தோம். கூடுதலாக ஒரு மணி நேரம் ஆனது. இரண்டு பெண்கள் ஒரு மஞ்சள் புடவைக்காகச் சிரித்துக்கொண்டே இழுபறி நடத்தினார்கள். புயலுக்குப் பின் அந்த ஊரில் நான் கேட்ட முதல் சிரிப்புச் சத்தம் அதுதான்.

நாப்கின் எல்லாம் ஆண்கள் கொடுக்கலாமா?

கூடாது. உங்கள் குழுவில் பெண்கள் இல்லையென்றால் அந்த ஊர்ச் செவிலியரிடமோ அங்கன்வாடி ஊழியரிடமோ மொத்தமாகக் கொடுத்துவிடுங்கள். அரிசிப் பையோடு சேர்த்துத் திறந்தபடி நீட்ட வேண்டாம். துணி வேண்டுமா, நாப்கின் வேண்டுமா என்று முன்கூட்டியே கேளுங்கள். தண்ணீர் தேங்கிய ஊரில் துணியைத் துவைத்து உலர்த்த இடம் இருக்காது, நாப்கினை எறியவும் இடம் இருக்காது. உள்ளாடை இல்லாதவருக்கு வெறும் நாப்கின் கொடுத்துப் பயனில்லை என்பதையும் ஒரு பெண் சொல்லித்தான் நாங்கள் தெரிந்துகொண்டோம்.

படம் எடுக்காவிட்டால் பணம் கொடுத்தவர்களுக்கு எப்படிக் கணக்குக் காட்டுவது?

அதிகம் கேட்கப்படும் கேள்வி இதுதான். கணக்குக் காட்டவேண்டியது உங்கள் கடமை, அதில் சந்தேகமில்லை. ஆனால் வாங்குகிறவரின் முகம் எப்படி ரசீது ஆகும்? கடைப் பில், வண்டியில் ஏற்றும் மூட்டைகளின் படம், ஊர்வாரியாக எத்தனை குடும்பம் என்ற பட்டியல், மிச்சம் எவ்வளவு, அதை என்ன செய்தீர்கள் என்ற குறிப்பு. இவை இருந்தால் எந்தக் கணக்குத் தணிக்கையாளரும் ஏற்றுக்கொள்வார். அரிசிப் பையை நான்கு பேர் பிடித்துக்கொண்டு, நடுவில் ஒரு மூதாட்டி எந்தக் கேமராவைப் பார்ப்பது என்று தெரியாமல் விழிக்கும் படத்திலிருந்து எத்தனை கிலோ போய்ச் சேர்ந்தது என்று யாருக்காவது தெரியுமா?

பேரிடர் நிவாரண அமைப்புகளுக்காக செஞ்சிலுவை, செம்பிறை இயக்கமும் தொண்டு நிறுவனங்களும் சேர்ந்து 1994இல் ஒரு நடத்தை நெறியை வெளியிட்டன. அதில் பத்து விதிகள். பத்தாவது விதி இதைப் பற்றியதுதான்: நம் செய்திகளிலும் விளம்பரங்களிலும் பாதிக்கப்பட்டவர்களைக் கதியற்ற பொருட்களாகக் காட்டாமல், கண்ணியமுள்ள மனிதர்களாகக் காட்ட வேண்டும். உலகமெங்கும் பல நூறு அமைப்புகள் ஒப்புக்கொண்ட விதி இது.

எங்கள் ஊரில் பத்தாம் வகுப்புப் படித்த ஒரு பெண், நூடுல்ஸ் பாக்கெட் வாங்கும்போது எடுத்த படம் யாரோ ஒருவரின் வாட்ஸ்அப் வழியாகச் சுற்றி அவள் வகுப்புக்கே வந்துவிட்டது. அடுத்த வண்டிக்கு அவள் வரவில்லை, தம்பியை அனுப்பினாள். பொதுத்தேர்வு எழுதும் பிள்ளைக்கு அந்த வருடம் அதுவும் ஒரு பாரம். பெற்றோரை இழந்த பிள்ளைகள் விஷயத்தில் இன்னும் கவனம் வேண்டும். பராமரிப்பும் பாதுகாப்பும் தேவைப்படும் குழந்தையை அடையாளம் காட்டும் பெயர், முகவரி, பள்ளி, படம் எதையும் ஊடகங்களில் வெளியிட 2015ஆம் ஆண்டு இளைஞர் நீதிச் சட்டத்தின் 74ஆம் பிரிவு தடை விதிக்கிறது.

ஆனால் படம் எடுக்கலாமா என்று கேட்டால் எல்லோரும் சரி என்றுதானே சொல்கிறார்கள்?

ஒரு கையில் தார்ப்பாய், இன்னொரு கையில் கேமரா வைத்துக்கொண்டு கேட்டால் வேறென்ன சொல்வார்கள்? வேண்டாம் என்றால் தார்ப்பாய் கிடைக்காதோ என்ற பயம் இருக்கும்போது "சரி" என்ற சொல்லுக்கு மதிப்பில்லை. கொடுக்கவேண்டியதைக் கொடுத்து முடித்து, அவர் அதை வீட்டில் வைத்துவிட்டு வந்த பிறகு கேட்டுப் பாருங்கள். எங்கே வெளியிடப்போகிறீர்கள் என்பதையும் சொல்லுங்கள். அப்போதும் சிலர் சரி என்பார்கள். தலைவாரி, நல்ல சட்டை போட்டு வந்து நிற்பார்கள். அந்தப் படம் நன்றாகவும் இருக்கும்.

பொட்டலத்தின்மேல் படமும் பெயரும் ஒட்டும் பழக்கத்துக்கும் இதே பதில். 2015 சென்னை வெள்ளத்தில் நிவாரணப் பொருட்களின்மேல் ஒட்டிய படங்களைப் பற்றி ஊரே பேசியது. உங்கள் அமைப்பின் பெயரை வண்டியில் எழுதிக்கொள்ளுங்கள். அவர்கள் வீட்டுச் சமையலறைக்குள் அது போகவேண்டியதில்லை.

வரிசையில் நிற்கச் சொல்வதுகூட அவமானமா? ஒழுங்கு வேண்டாமா?

ஒழுங்கு வேண்டும். ரேஷன் கடையிலும் வங்கியிலும் எல்லோரும் நிற்கிறோம். வரிசை அவமானம் இல்லை. வெயிலில் நான்கு மணி நேரம் நிற்க வைத்துவிட்டு, "சிறப்பு விருந்தினர் வந்துகொண்டிருக்கிறார்" என்று சொல்வதுதான் அவமானம். அதன் முடிவில் பொருள் தீர்ந்துவிட்டது என்று சொல்வது கொடுமை.

முந்தின நாள் மாலையே வீடு வீடாகப் போய் டோக்கன் கொடுங்கள். டோக்கனில் நேரத்தை எழுதுங்கள்: இந்தத் தெரு ஒன்பது மணி, அந்தத் தெரு பத்து மணி. கூலி வேலைக்கும் நூறு நாள் வேலைக்கும் போகிறவர்கள் இருந்தால் மாலையில் வைத்துக்கொள்ளுங்கள். 500 ரூபாய்ப் பொருளுக்காக ஒரு நாள் கூலியை இழக்கச் சொல்லாதீர்கள். நிழல், குடிதண்ணீர், நான்கு நாற்காலி. நடக்க முடியாதவர்களுக்கும் பிள்ளை பெற்ற பெண்களுக்கும் வீட்டுக்கே கொண்டுபோங்கள். கைலியோ அரிசியோ எல்லாமே ஒரே மாதிரிப் பையில், வாய் கட்டி இருக்கட்டும்.

கணக்கு மிக முக்கியம். 180 குடும்பம் உள்ள ஊருக்கு 150 பையோடு போகாதீர்கள். 60 குடும்பம் உள்ள சிறிய குக்கிராமத்துக்குப் போய் முழுதாகக் கொடுத்துவிட்டு, மீதியை இன்னொரு குக்கிராமத்துக்குக் கொண்டுபோங்கள். கஜாவின்போது நெடுஞ்சாலை ஓரத்து ஊர்களிலேயே வண்டிகள் காலியாகின. உள்ளே ஐந்து கிலோமீட்டர் தள்ளி இருந்தவர்கள் சாலைக்கு வந்து நிற்கவேண்டியதாயிற்று. ஊருக்குச் சோறு போட்ட டெல்டா விவசாயி, சாலையில் கையை நீட்டி வண்டியை மறித்தது அப்படித்தான்.

ஒரு தெருவுக்கு மட்டும் எதுவும் போகவில்லை என்கிறார்கள். நாங்கள் வெளியூர்க்காரர்கள். சாதி விஷயத்தில் எப்படித் தலையிடுவது?

சும்மா இருந்தாலும் தலையிட்டதாகத்தான் ஆகும், ஒரு பக்கத்துக்குச் சாதகமாக. சுனாமியின்போதே தலித் குடும்பங்கள் முகாம்களில் ஒதுக்கப்பட்டதும், மீனவர் அல்லாத கூலித் தொழிலாளர்களும் இருளர்களும் பட்டியலில் விடுபட்டதும் பத்திரிகைகளில் வந்தன. அதற்கு முன்பும் நடந்தது, பின்பும் நடக்கிறது. ஊர்த் தலைவரிடம் மொத்தமாக இறக்கிவிட்டுப் போகும் வண்டிகளால்தான் இது பெரும்பாலும் நடக்கிறது.

பிரசங்கம் செய்யத் தேவையில்லை. விநியோகிக்கும் இடத்தைச் சரியாகத் தேர்ந்தெடுத்தாலே பாதி வேலை முடிந்துவிடும். கோயில் திடல் வேண்டாம். எல்லோரும் தயங்காமல் வரக்கூடிய பள்ளிக்கூடம், ஊராட்சி அலுவலகம், அல்லது முதலில் காலனி, பிறகு ஊர். டோக்கனை நீங்களே நடந்து போய்க் கொடுங்கள். கடைசித் தெரு எது என்று கேட்டு, அதற்கும் அப்பால் வீடு இருக்கிறதா என்று இன்னொரு முறை கேளுங்கள். வாய்க்கால் கரையிலும் செங்கல் சூளையிலும் இருப்பவர்களிடம் ரேஷன் அட்டை இருக்காது; அட்டையைக் காட்டினால்தான் பொருள் என்று விதி வைத்தால் அவர்களை நீங்களே விலக்கிவிட்டதாக ஆகும். பொருளைக் கையில் கொடுங்கள், தரையில் வைக்காதீர்கள். எல்லோருக்கும் ஒரே குடம், ஒரே டம்ளர். தீண்டாமை அரசியல் சட்டத்தின் 17ஆம் பிரிவால் ஒழிக்கப்பட்டது என்று உங்களுடன் வரும் ஊர்க்காரருக்கு நினைவூட்டவேண்டி வந்தால், தயங்காமல் நினைவூட்டுங்கள்.

பள்ளிக்கூடத்தில் முகாம் நடத்த உதவுகிறோம். சாப்பாடு சரியாகப் போகிறது. வேறென்ன கவனிப்பது?

கழிப்பறை. 1997இல் தொண்டு அமைப்புகளும் செஞ்சிலுவை இயக்கமும் தொடங்கிய ஸ்பியர் திட்டம் குறைந்தபட்ச அளவுகளை வகுத்திருக்கிறது: 20 பேருக்கு ஒரு கழிப்பறை, ஆளுக்கு ஒரு நாளைக்கு 15 லிட்டர் தண்ணீர், படுக்க ஆளுக்கு 3.5 சதுர மீட்டர் இடம். நம் முகாம்களில் இது கிடைப்பது அரிது. ஆனாலும் இலக்கு தெரிந்திருக்க வேண்டும். கழிப்பறைக்குப் போக வேண்டுமே என்பதற்காக மாலைக்குப் பிறகு தண்ணீர் குடிக்காமல் இருக்கும் பெண்களை ஒவ்வொரு முகாமிலும் பார்க்கலாம். நூறு பேருக்குப் பிரியாணி போடும் செலவில் கதவுக்குத் தாழ்ப்பாள், வழிக்கு விளக்கு, குளிக்க நான்கு பக்கமும் தார்ப்பாய் மறைப்பு எல்லாம் ஆகிவிடும்.

பணமாகக் கொடுத்தால் குடித்துவிடுவார்களே?

குடிக்கிறவர் அரிசியை விற்றும் குடிப்பார். அந்த ஒருவருக்காகத் தொண்ணூற்றொன்பது பேரைச் சந்தேகப்படுவது நியாயமா? முதல் மூன்று நான்கு நாட்கள் கடை திறந்திருக்காது. அப்போது சமைத்த உணவு, தண்ணீர், தார்ப்பாய், மெழுகுவர்த்தி, கொசுவத்தி வேண்டும். கடை திறந்த பிறகு பணம்தான் நல்லது. ஒருவருக்கு மாத்திரை வாங்க வேண்டும், இன்னொருவருக்குக் கீற்று வாங்க வேண்டும், வேறொருவர் ஆட்டுக்குட்டி வாங்குவார். எது தேவை என்பது அவருக்குத் தெரியும். அந்தப் பணம் உள்ளூர்க் கடைக்காரரையும் எழுப்பி நிறுத்தும். அவரும் புயலில் அடிபட்டவர்தானே. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலுக்குப் பிறகு அரசே சென்னையிலும் சுற்று மாவட்டங்களிலும் ரேஷன் கடைகள் மூலம் 6,000 ரூபாயை ரொக்கமாகத்தான் கொடுத்தது.

கொடுத்த பிறகு "என்ன செய்தீர்கள்?" என்று விசாரணை நடத்தாதீர்கள்.

ஒருவரே இரண்டு முறை வாங்குவதைக் கையும் களவுமாகப் பிடித்தால்?

பிடிக்காதீர்கள். தனியாக அழைத்து, குரலைத் தாழ்த்தி, "அக்கா, உங்கள் வீட்டுக்கு வந்துவிட்டதே, வேறு யாருக்காவது வாங்குகிறீர்களா?" என்று கேளுங்கள். படுக்கையில் இருக்கும் பக்கத்து வீட்டுக்காரருக்காக வந்தேன் என்று சொன்னவர்கள் நான் பார்த்ததிலேயே பலர். உண்மையிலேயே இரண்டாவது பைக்கு வந்தவராக இருந்தால் அந்தக் கேள்வியே போதும், தலையாட்டிவிட்டுப் போய்விடுவார். ஊர் நடுவில் மைக்கில் பெயரைச் சொன்னீர்கள் என்றால், நீங்கள் போன பிறகும் அவர் அந்த ஊரிலேயே வாழவேண்டும். ஐந்து கிலோ அரிசிக்கு அது பெரிய விலை. விரலில் மை வைப்பதும் வேண்டாம். டோக்கன் ஒழுங்காக இருந்தால் இந்தச் சிக்கல் அதிகம் வராது.

மாற்றுத்திறனாளிகளுக்கு உதவும்போது என்ன செய்யக் கூடாது?

கேட்காமல் தொடாதீர்கள். சக்கர நாற்காலி அவர் உடம்பின் ஒரு பகுதி மாதிரி. பின்னால் வந்து சட்டென்று தள்ளினால் யாருக்கும் திக்கென்றிருக்கும். பார்வையற்றவரின் கோலைப் பிடித்து இழுக்காமல், உங்கள் முழங்கையை நீட்டினால் அவர் பிடித்துக்கொள்வார். கூட வந்தவரிடம் "இவருக்கு என்ன வேண்டும்?" என்று கேட்காமல் அவரிடமே கேளுங்கள்.

இவ்வளவு தூரம் வந்து கொடுக்கிறோம், சிலர் நன்றிகூடச் சொல்வதில்லை, திட்டுகிறார்கள்.

நான்கு நாளாக யாரும் எட்டிப் பார்க்காத ஊரில், முதலில் வந்து நிற்கும் ஆள் நீங்கள். மின்சாரம் இல்லை, தண்ணீர் இல்லை, இருபது வருடம் வளர்த்த மரம் கிடக்கிறது. அந்தக் கோபம் உங்கள்மீது இல்லை, ஆனால் கேட்க அங்கே நீங்கள்தான் இருக்கிறீர்கள். கேட்டுக்கொள்ளுங்கள். "அரிசியில் வண்டு" என்று ஒருவர் சொன்னால், இலவசமாகக் கிடைத்ததில் குறை சொல்கிறாரே என்று நினைக்காமல் மாற்றிக் கொடுங்கள். ஒரு தொலைபேசி எண்ணை எழுதிக் கொடுத்து, அடித்தால் எடுங்கள்.

அவர்களிடமே ஒன்றும் இல்லை. டீ கொடுத்தால் எப்படிக் குடிப்பது?

குடியுங்கள். கஜாவுக்குப் பிறகு விழுந்த தென்னைகளில் இளநீர் குலைகுலையாகக் கிடந்தது. எல்லா மரமும் போன ஒரு வீட்டில், தன்னார்வலர்களுக்கு அந்த அம்மா இளநீர் சீவி நீட்டினார். "வேண்டாம்மா, பிள்ளைகளுக்கு வையுங்கள்" என்று எல்லோரும் பணிவாக மறுத்துவிட்டார்கள். அவர் கையில் அரிவாளோடு அப்படியே நின்றது எனக்கு இன்றும் கண்ணில் நிற்கிறது. அன்று அவரிடம் கொடுப்பதற்கு இருந்தது அது ஒன்றுதான்.

கொடுக்க இல்லாதபோது என்ன சொல்வது?

"இல்லை" என்று சொல்லுங்கள். "பார்க்கலாம்", "அடுத்த வண்டியில் வரும்" என்று சொல்லாதீர்கள். அடுத்த வண்டிக்காக அவர் இரண்டு நாள் வேலைக்குப் போகாமல் சாலையைப் பார்த்துக்கொண்டிருப்பார். யாரிடம் கேட்கலாம் என்று தெரிந்தால் சொல்லுங்கள். கிராம நிர்வாக அலுவலரிடம் சேதக் கணக்கைப் பதிந்தாரா என்று கேளுங்கள், மனு எழுதத் தெரியாவிட்டால் உட்கார்ந்து எழுதிக் கொடுங்கள். அதற்குப் பணம் ஆகாது.

நீங்கள் வாங்கும் இடத்தில் நின்றதாகச் சொன்னீர்கள். யார் கொடுத்தது மனத்தில் நின்றது?

எங்கள் வீட்டு ஓடுகள் பாதி பறந்துவிட்டன. தார்ப்பாய் ஏற்றிய மினி லாரி ஒன்று ஐந்தாம் நாள் வந்தது. இறங்கி வந்த இளைஞர் கையில் பட்டியல் இல்லை, அளவு நாடா இருந்தது. "அண்ணே, கூரை எத்தனை அடி? ஒருமுறை பார்த்துவிடலாமா?" என்றார். வீட்டுக்குள் வரும்போது செருப்பைத் திண்ணையடியில் கழற்றினார். தரையெல்லாம் சேறு, ஓட்டுத் துண்டு. நான் வேண்டாம் என்றேன், கழற்றிவிட்டுத்தான் வந்தார். பதினெட்டுக்குப் பன்னிரண்டு என்று அளந்து, கயிற்றோடு வெட்டிக் கொடுத்துவிட்டு அடுத்த வீட்டுக்குப் போனார்.